பழைய அமெரிக்க நகைச்சுவைக் கதைகளை மறுபதிப்பு போடுறது எப்படி: கதை பொறுக்குறதுல இருந்து அச்சு வரைக்கும்

மார்க் ட்வைன், ஓ. ஹென்றி, ரிங் லார்ட்னர், ஜார்ஜ் ஏட் கதைகளை எல்லாம் சேர்த்து இங்கிலீஷ்லயே ஒரு தொகுப்பு போடலாம்னு நிறைய பேர் இறங்குறாங்க. ராயல்டி குடுக்க வேண்டாம், டெக்ஸ்ட் நெட்ல சும்மா கிடக்கு, ஒரு வாரத்துல முடிச்சிடலாம்னு நெனப்பு. நானும் அப்படித்தான் இறங்கினேன், இதுவரை மூணு தொகுப்பு பண்ணியாச்சு, முதல் தொகுப்போட முதல் நூறு காப்பி இன்னும் வீட்டு பரண்ல இருக்கு, ஏன்னு அஞ்சாவது படியில சொல்றேன்.

வேற எந்தப் பழைய புத்தகத்துலயும் எழுத்துப்பிழையைக் கண்டா திருத்தணும். இந்த வகையில பாதி இடத்துல பிழைதான் ஜோக்கே. இதை மனசுல வெச்சுக்கிட்டா கீழ இருக்கற வரிசை ஏன் இப்படி இருக்குனு புரியும்.

ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி கையில இருக்க வேண்டியது

ஒரு எக்செல் ஷீட். கதை பேரு, எழுதினவர், அவர் இறந்த வருஷம், கதை முதல்ல பத்திரிகையில வந்த வருஷம், புத்தகத்துல வந்த வருஷம், நீங்க எடுக்கப்போற பதிப்பு, இத்தனையும் தனித்தனி நெடுவரிசை. இது இல்லாம ஆரம்பிச்சா மூணாவது கதையிலயே குழம்பிடுவீங்க.

பழைய பதிப்போட ஸ்கேன் பிடிஎஃப். இன்டர்நெட் ஆர்க்கைவ், ஹாத்தி டிரஸ்ட்ங்கற ரெண்டு ஆன்லைன் நூலகத்துலயும் பெரும்பாலான புத்தகம் கிடைக்குது. டைப் பண்ண டெக்ஸ்ட் மட்டும் போதாது, சந்தேகம் வந்தா பாக்குறதுக்கு அச்சுப் பக்கத்தோட படம் வேணும்.

லே-அவுட் சாஃப்ட்வேர், இன்டிசைனோ இலவசமா கிடைக்கிற ஸ்கிரைபஸோ எதுவானாலும் சரி. அப்புறம் முக்கியமா இன்னொரு ஆள், எட்டாவது படியில உங்க கூட உக்காந்து படிக்கிறதுக்கு. அவருக்கு இலக்கியம் தெரிஞ்சிருக்க வேண்டிய அவசியம் இல்ல, பொறுமை இருந்தா போதும்.

1. முதல்ல கதைப் பட்டியல், அட்டை இல்ல

புதுசா வர்றவங்க பத்துல எட்டு பேர் அட்டை டிசைன்ல இருந்து ஆரம்பிக்கிறாங்க. அட்டையில "மார்க் ட்வைன் முதல் தர்பர் வரை"னு போட்டு அழகா பண்ணி முடிச்சப்புறம் உரிமையைப் பாத்தா தர்பரை எடுக்க முடியாதுனு தெரியும், திரும்ப முதல்ல இருந்து.

டெமி சைஸ்ல, அதாவது அஞ்சரைக்கு எட்டரை இஞ்சில, பக்கத்துக்கு சுமாரா 300 வார்த்தை பிடிக்கும். 50,000 வார்த்தைக்கு கதைகள் எடுத்தா முன்பக்கம் பின்பக்கம் எல்லாம் சேர்த்து 180 பக்கம் கிட்ட வரும், முதல் தொகுப்புக்கு இது போதும்.

பேரை மட்டும் பாத்து பட்டியல்ல சேர்க்காதீங்க, கதை முழுசையும் படிச்சுட்டு சேருங்க. ரெண்டு காரணம். ஒண்ணு, அந்தக் காலத்து அமெரிக்க நகைச்சுவைல கறுப்பின மக்களையும் குடியேறி வந்தவங்களையும் கேவலமா பேசற வார்த்தைகள் சர்வசாதாரணமா வரும். ஒரு கதையில அது இருந்தா, அப்படியே போட்டு முன்னுரையில சொல்லணும் இல்லைன்னா அந்தக் கதையையே விட்டுடணும். சத்தமில்லாம வார்த்தையை மட்டும் மாத்தி போடுறது என்னைக் கேட்டா மோசமான வழி, அப்புறம் உங்க புத்தகத்துல வேற எந்த வரியையும் நம்ப முடியாது.

ரெண்டாவது, யாரு அமெரிக்கர்னு பாக்கணும். ஸ்டீஃபன் லீக்காக் கனடாக்காரர், வுட்ஹவுஸ் இங்கிலாந்துல பிறந்து 1955-ல தான் அமெரிக்கக் குடிமகன் ஆனவர். தலைப்புல "அமெரிக்க"ன்னு போட்டுட்டு லீக்காக்கை உள்ள வெச்சா முதல் விமர்சனமே அதைப் பத்திதான் வரும்.

2. உரிமையை ஒவ்வொரு கதைக்கும் தனியா பாருங்க

இது நம்ம ஊர் நாட்டுடைமை மாதிரி அரசாங்கம் வாரிசுக்குப் பணம் குடுத்து பொதுவாக்குறது இல்ல. காலம் முடிஞ்சா தானா கட்டு அவிழும். ஆனா அந்தக் காலத்தை அமெரிக்காவுல ஒரு மாதிரி எண்ணுறாங்க, இந்தியாவுல வேற மாதிரி.

அமெரிக்காவுல அந்தக் காலத்துப் படைப்புக்கு, வெளிவந்த வருஷத்துல இருந்து 95 வருஷம். 1929-ல வந்தது 2025 ஜனவரி 1-ல பொதுவாச்சு, 1930-ல வந்தது 2026 ஜனவரி 1-ல. 1931-ல இருந்து 1963 வரைக்கும் வந்ததுல 28-வது வருஷம் உரிமையைப் புதுப்பிக்காம விட்டது மட்டும் முன்னாடியே பொதுவாகியிருக்கும், ஆனா அதை ஒவ்வொண்ணா பதிவுல தேடணும், முதல் தொகுப்புக்கு அந்தப் பக்கமே போகாதீங்க. இந்தியாவுல எழுதினவர் இறந்த அடுத்த வருஷத்துல இருந்து 60 வருஷம்.

இந்த ரெண்டும் எப்படி முட்டிக்கும்னு பாருங்க. ஜேம்ஸ் தர்பர் 1961-ல இறந்தார், இந்தியக் கணக்குப்படி 2021-ஓட முடிஞ்சுது. ஆனா அவரோட வால்டர் மிட்டி கதை 1939-ல தி நியூ யார்க்கர்ல வந்தது, அமெரிக்காவுல 2034 முடியற வரைக்கும் உரிமை இருக்கு. வுட்ஹவுஸ் இதுக்கு நேர் எதிர். 1919-ல வந்த ஜீவ்ஸ் கதைகள் அமெரிக்காவுல எப்பவோ பொதுவாயிடுச்சு, ஆனா அவர் இறந்தது 1975, அதுல 60 கூட்டினா 2035. நெட்ல வித்தா ரெண்டு நாட்டுலயும் விக்கும், அதனால ரெண்டு கணக்கையும் தாண்டுற கதையை மட்டும் எடுக்கறதுதான் என் வழக்கம். ட்வைனும் ஓ. ஹென்றியும் 1910-ல, லார்ட்னர் 1933-ல, எல்லிஸ் பார்க்கர் பட்லர் 1937-ல, ஏட் 1944-ல, பெஞ்ச்லி 1945-ல இறந்தவங்க. இவங்களோட 1929 வரைக்குமான கதைகளே ரெண்டு தொகுப்புக்குத் தாங்கும்.

ஒரு பொறி இருக்கு. இறந்தப்புறம் வெளிவந்த கதைகள். ட்வைன் 1876-ல எழுதின ஒரு கொலை மர்மக் கிண்டல் கதை 2001-ல தான் பரவலா அச்சுல வந்துச்சு. ட்வைன் செத்து நூறு வருஷம் ஆச்சேன்னு அதை எடுத்துடாதீங்க. அதே மாதிரி பழைய கதைக்கு புதுசா யாராவது எழுதின முன்னுரை, அடிக்குறிப்பு, வரைஞ்ச படம் எல்லாம் அவங்களோடது.

3. எந்தப் பதிப்புனு முடிவு பண்ணிட்டு அப்புறம் டெக்ஸ்ட் எடுங்க

ட்வைனுக்கு "தவளைக் கதை"ன்னு ஒண்ணு இருக்கறதா எல்லாரும் நெனைக்கிறாங்க. உண்மையில பல தவளை இருக்கு.

1865 நவம்பர் 18 அன்னிக்கு நியூ யார்க் சாட்டர்டே பிரஸ்ல முதல்ல வந்தப்போ அது அந்தக் காலத்து நகைச்சுவை எழுத்தாளர் ஆர்ட்டிமஸ் வார்டுக்கு எழுதின கடிதம் மாதிரி ஆரம்பிக்கும். அடுத்த மாசமே தி கலிஃபோர்னியன் பத்திரிகையில வந்தப்போ தவளைக்காரர் ஸ்மைலியோட பேரு கிரீலினு மாறியிருக்கு. 1867-ல புத்தகமா வந்தப்போ கடிதத் தொடக்கம் போயி, நண்பர் ஒருத்தர் கேட்டுக்கிட்டதால போனேன்னு ஆரம்பிக்குது. 1875-ல வேற ஒரு தொகுப்புல ட்வைன் அதையே மூணு பாகமாக்கிட்டார்: இங்கிலீஷ் மூலம், ஒரு பிரெஞ்சு மொழிபெயர்ப்பு, அந்த பிரெஞ்சை வார்த்தைக்கு வார்த்தை அவரே திரும்ப இங்கிலீஷ்ல கொண்டு வந்த கூத்து. அந்த மூணாவது பாகம் வேணும்னே உடைஞ்ச இங்கிலீஷ்.

இதுல எதை எடுக்கறீங்க? எதை வேணா எடுக்கலாம், ஆனா ஒண்ணை எடுத்து அதுலயே நிக்கணும், எதுனு புத்தகத்துல எழுதணும். பல மலிவுப் பதிப்புகள்ல தொடக்கம் ஒரு பதிப்புல இருந்தும் நடுவுல வேற பதிப்பும் கலந்து கிடக்கறதுக்குக் காரணம், ரெண்டு வெப்சைட்ல இருந்து காப்பி பண்ணி ஒட்டினதுதான்.

எனக்குப் பிடிச்ச விதி: எழுதினவர் உயிரோட இருக்கும்போது, அவர் கண்ணுல பட்டு வந்த புத்தகப் பதிப்பு. அதுக்காக முதல் புத்தகம்தான் சிறந்ததுன்னு அர்த்தம் இல்ல. 1867 தவளைப் புத்தகத்துல பிழை மலிஞ்சு கிடக்குன்னு ட்வைனே சக எழுத்தாளர் பிரெட் ஹார்ட்டுக்கு எழுதின கடிதத்துல திட்டியிருக்கார்.

4. டெக்ஸ்டைக் கொண்டு வந்து சுத்தம் பண்றது

பழைய புத்தகங்களை டெக்ஸ்டா இலவசமா போடற புராஜெக்ட் குட்டன்பர்க் வெப்சைட்ல இருந்து எடுத்தா ரெண்டு விஷயம். அவங்க பேரையும் லைசென்ஸ் பகுதியையும் வெச்சுக்கிட்டே காசுக்கு வித்தா லாபத்துல 20 சதவீதம் அவங்களுக்குக் குடுக்கணும்னு அந்த லைசென்ஸ்லயே இருக்கு. பேரையும் லைசென்ஸையும் முழுசா எடுத்துட்டா மிச்சம் பொதுச்சொத்து. பாதி எடுத்துட்டு பாதி விட்டுடறதுதான் வழக்கமா நடக்கற தப்பு, கடைசிப் பக்கத்துல அவங்க பேரு ஒரு வரி ஒட்டிக்கிட்டே இருக்கும்.

ரெண்டாவது, அங்க இருக்கற பழைய ஃபைல்கள் பலதுல எந்தப் பதிப்புல இருந்து எடுத்ததுன்னே போட்டிருக்காது. அதனால நீங்க மூணாவது படியில எடுத்த ஸ்கேனோட ஒத்துப் பாக்கணும்.

ஸ்கேன்ல இருந்து ஓசிஆர் பண்ணா, அதாவது படத்துல இருக்கற எழுத்தை சாஃப்ட்வேரை விட்டு டெக்ஸ்டா மாத்தினா, வேற வகைத் தொல்லை. 'மாடர்ன்'ங்கறது 'மோடம்' ஆகும், 'அண்ட்'ங்கறது 'ஆரிட்' ஆகும், முதல்லதுல ஆரும் (r) என்னும் (n) ஒட்டி எம் (m) ஆகுது, ரெண்டாவதுல என் (n) பிரிஞ்சு ஆர்-ஐ (ri) ஆகுது, அதுதான் காரணம். இந்த மோடமும் ஆரிடும் அகராதியில இருக்கற வார்த்தை, ஸ்பெல் செக் சிவப்புக் கோடு போடாது. இந்த மாதிரி இருபது முப்பது வார்த்தையை பட்டியல் போட்டு ஒவ்வொண்ணா ஃபைண்ட் குடுத்து தேடுங்க.

ரிப்ளேஸ் ஆல் குடுக்கறது மூணே விஷயத்துக்கு: வரி முடிவுல வர்ற தேவையில்லாத என்டர், ரெட்டை ஹைஃபனை நீளக் கோடா மாத்தறது, சாய்வெழுத்துக்காக வெச்ச அடிக்கோட்டுக் குறி. மத்ததுக்கு அந்த பட்டன் பக்கம் கையே போகக்கூடாது.

5. தொடக்கூடாத வார்த்தைப் பட்டியல்

இப்போ பரண்ல இருக்கற நூறு காப்பி கதை. என் முதல் தொகுப்பை ஒரு ஆள்கிட்ட மெய்ப்பு பாக்கக் குடுத்தேன். நல்ல இங்கிலீஷ் தெரிஞ்சவர், வேலை சுத்தம். லார்ட்னர் கதையில 'வுட் ஆஃப்'னு வர்ற இடமெல்லாம் 'வுட் ஹேவ்'னு திருத்திட்டார். பேஸ்பால் ஆட்டக்காரன் ஊருக்கு எழுதற கடிதம் அது, அவன் எழுதத் தெரியாம எழுதறான், தன்னைப் பத்தி பெருமை அடிக்கறான், அந்த ரெண்டும் சேர்றதுதான் சிரிப்பே. திருத்தினப்புறம் படிச்சா ஒரு படிச்ச ஆள் தற்பெருமை பேசற மாதிரி இருந்துச்சு, சிரிப்பே வரல. தப்பு அவர் மேல இல்ல, எதைத் தொடக்கூடாதுன்னு நான் சொல்லல.

அதனால மெய்ப்புக்கு அனுப்பறதுக்கு முன்னாடி கதைக்கு ஒரு பக்கம், வேணும்னே எழுதின பிழைகள் பட்டியல் போடுங்க. என்னோட ஷீட்ல இருந்து சிலது:

ஓ. ஹென்றியோட சிவப்புத் தலைவன் கதை, பையனைக் கடத்தற கதை. முதல் பாராவுலயே பில் சொன்னதா 'டெம்பரரி மென்டல் அப்பாரிஷன்'னு வரும். அவன் சொல்ல வந்தது 'அபெரேஷன்' (aberration), அதாவது தற்காலிக மனப்பிசகு. வாயில வந்தது பேயுருவம். இதை யாராவது திருத்தாம விட்டா அதிசயம். கதை சொல்ற சாமும் இதே மாதிரி பெரிய வார்த்தையை அரைகுறையா பிடிச்சுத் தொங்கற ஆள்தான்.

பட்லரோட கினிப் பன்றிக் கதைக்கு தலைப்பே இலக்கணப் பிழை, பன்மைக்கு ஒருமை வினை. பார்சல் ஆபீஸ் ஃபிளானரி, வளர்ப்புப் பிராணின்னா 25 சென்ட், பன்றின்னா 30 சென்ட்னு அடம் பிடிக்கறான். அவன் பேச்சு முழுக்க ஐரிஷ் உச்சரிப்புல எழுதியிருக்கும். வேர்டுல திறந்தா பக்கமே சிவப்பா தெரியும்.

ஜார்ஜ் ஏட் 1899-ல போட்ட நீதிக்கதைகள்ல வரி நடுவுல சம்பந்தமில்லாம கேப்பிட்டல் எழுத்து வரும். அது தான் அவரோட கண்சிமிட்டல். சின்ன எழுத்தா மாத்திட்டா சும்மா ஒரு அறிவுரைக் கதை மட்டும் மிஞ்சும்.

சரி, எது வேணும்னே, எது நிஜ அச்சுப்பிழை? நான் மூணு கேள்வி கேப்பேன். அந்த வரியைப் பேசறது யாரு, பாத்திரமா இல்ல சாதாரணமா எழுதற ஆசிரியரா? அதே பிழை அதே ஆள் வாயில திரும்ப வருதா? அந்தக் காலத்து இன்னொரு பதிப்புலயும் அப்படியே இருக்கா? மூணுக்கும் பதில் சாதகமா இருந்தா தொடாதீங்க. ஒரே தடவை, பாத்திரம் பேசாத இடத்துல, இன்னொரு பதிப்புல சரியா இருந்தா திருத்துங்க, திருத்தினதை ஷீட்ல எழுதி வைங்க. அப்பாரிஷன் ஒரே ஒரு தடவைதான் வருது, ஆனா பில் வாய் வார்த்தைன்னு கதையே சொல்லுது, அதனால ரெண்டாவது கேள்வியை மட்டும் வெச்சு முடிவு பண்ணாதீங்க.

6. அப்போஸ்ட்ரஃபி திசை

சின்ன விஷயம்தான், ஆனா புத்தகத்தைத் திறந்ததும் தெரிஞ்சவங்க கண்ணு இங்கதான் போகும். பேச்சுமொழிக் கதைகள்ல வார்த்தையோட தலையை வெட்டிட்டு அப்போஸ்ட்ரஃபி போடுவாங்க, 'தெம்'ங்கறது ''எம்'னு வரும். சாஃப்ட்வேர் அதை மேற்கோள் ஆரம்பம்னு நெனச்சு 6 வடிவத்துல திருப்பிப் போடும். அது 9 வடிவத்துல இருக்கணும்.

ஒரு புத்தகத்துல இது நூத்துக்கணக்குல வரும். இடைவெளிக்கு அடுத்து வர்ற 6 வடிவ ஒற்றைக்குறியை மட்டும் தேடி ஒவ்வொண்ணா பாருங்க, மொத்தமா மாத்தினா நிஜ மேற்கோளும் கவுந்துடும். இதை லே-அவுட்டுக்கு முன்னாடியே முடிக்கணும், ஏன்னா லே-அவுட்ல போட்டப்புறம் மாத்தினா வரிகள் நகரும், பக்கம் நகரும்.

7. லே-அவுட்: ஜோக்கை யாரும் முன்னாடியே பாத்துடக்கூடாது

நகைச்சுவைக் கதையில கடைசி வரிதான் உயிர். அது அடுத்த பக்கத் தலையில ஒத்தை வரியா தனியா தொங்கினா அசிங்கம், முந்தின பாராவை இறுக்கியோ தளர்த்தியோ கூட ரெண்டு மூணு வரியைத் துணைக்குக் கொண்டு போங்க.

பழைய படங்கள் சேர்க்கறீங்கன்னா எந்தப் பக்கத்துல வைக்கறதுனு கதையைப் படிச்சுட்டு முடிவு பண்ணுங்க. ஒரு தடவை படத்தை எதிர்ப்பக்கத்துல வெச்சு, முடிவு என்னன்னு வாசகர் கதைக்குள்ள வர்றதுக்கு முன்னாடியே நானே காட்டிட்டேன்.

கதைக்குள்ள வர்ற கடிதம், தந்தி, நோட்டீஸ் எல்லாம் தனியா தெரியணும். சிவப்புத் தலைவன் கதையில 1,500 டாலர் கேட்டு கடத்தல்காரங்க எழுதற கடிதமும், நீங்க 250 டாலர் குடுத்தா பையனைத் திரும்ப வாங்கிக்கறேன்னு அப்பா எழுதற பதிலும், ரெண்டு பக்கமும் கொஞ்சம் உள்தள்ளி, கையெழுத்தை வலது ஓரத்துல வெச்சா அந்தப் பேரம் கண்ணுல படும். சாதாரணப் பாராவா ஓட்டி விட்டா பாதி போச்சு.

எழுத்துருக்கு ரொம்ப மெனக்கெட வேண்டாம், கேஸ்லான், கேரமாண்ட் வகைகள்ல இலவசமா கிடைக்கறது போதும். பழசு மாதிரி தெரியணும்னு கௌபாய் போஸ்டர் எழுத்துல தலைப்பு போடாதீங்க, பாதிக் கதைகள் நியூ யார்க்லயும் சிகாகோவுலயும் நடக்குது.

8. மெய்ப்பு ரெண்டு தடவை, வேற வேற மாதிரி

முதல் தடவை ஸ்கேனோட ஒத்துப் பாக்கறது. ஒருத்தர் ஸ்கேனைப் பாத்து சத்தமா படிக்கணும், குறிகளையும் சேர்த்து. நீங்க பிரின்ட் எடுத்த தாள்ல விரல் வெச்சுக்கிட்டே வரணும். கம்ப்யூட்டர் திரையில பண்ணா கண்ணு தானா சரி பண்ணிக்கிட்டு போயிடும். ஒரு மணி நேரத்துக்கு மேல ஒரே மூச்சுல பண்ணாதீங்க.

ரெண்டாவது தடவை ஸ்கேன் வேண்டாம், கதையா படிங்க. சிரிப்பு வர வேண்டிய இடத்துல வரலைன்னா அங்க ஏதோ விழுந்திருக்கு. ஒரு வரி காணாமப் போயிருந்ததை நான் இப்படித்தான் ரெண்டு தடவை பிடிச்சேன். இதை மாத்தி செஞ்சா, முதல்ல கதையா படிச்சா, கதை மனப்பாடம் ஆகி ஒத்துப் பாக்கறப்போ கண்ணு வழுக்கும்.

9. உரிமைப் பக்கம், எண், அட்டை

உரிமைப் பக்கத்துல ஒவ்வொரு கதையும் எந்தப் புத்தகம், எந்த வருஷப் பதிப்புல இருந்து எடுத்ததுன்னு போடுங்க. "அனைத்து உரிமையும் எங்களுக்கே"ன்னு மட்டும் போடாதீங்க, கதை உங்களுது இல்ல. முன்னுரையும் குறிப்பும் மட்டும்தான் உங்களுது, அப்படியே எழுதுங்க.

ஐஎஸ்பிஎன் இந்தியாவுல ராஜா ராம்மோகன் ராய் பேர்ல இருக்கற தேசிய அமைப்பு இலவசமா குடுக்குது, காசு கேக்கற இடைத்தரகர் தேவையில்ல. இங்க அச்சடிச்சு வெளியிட்டா 1954-ம் வருஷச் சட்டப்படி கொல்கத்தா தேசிய நூலகத்துக்கும் சென்னை கன்னிமாரா உட்பட இன்னும் மூணு நூலகத்துக்கும் காப்பி அனுப்பணும், அதுக்கும் சேர்த்து எண்ணிக்கை போடுங்க.

கிண்டில்ல போடறதா இருந்தா முன்னாடியே தெரிஞ்சுக்கங்க: இலவசமா கிடைக்கற பொதுச்சொத்துப் புத்தகத்தை அப்படியே போட்டா ஏத்துக்க மாட்டாங்க. சொந்தமா எழுதின குறிப்புகளோ, மொழிபெயர்ப்போ, குறைஞ்சது 10 புதுப் படமோ வேணும், ராயல்டியும் 35 சதவீதம்தான். அதனால அஞ்சாவது படியில போட்ட பட்டியலைத் தூக்கிப் போடாதீங்க, அதையே விரிச்சு எழுதினா நல்ல குறிப்புப் பகுதி ஆயிடும்.

அட்டை இப்பதான். முதுகு அகலம் பக்க எண்ணிக்கையையும் பேப்பர் கனத்தையும் பொறுத்தது, எட்டாவது படி முடியறதுக்கு முன்னாடி அந்தக் கணக்கு நிக்காது. ஆஃப்செட்ல அடிக்கறதா இருந்தா ஒரு பாரம், அதாவது ஒரே தாள்ல சேர்த்து அடிச்சு மடிக்கறது, 16 பக்கம், 177 பக்கத்துல முடிஞ்சா 192-க்குக் காசு குடுப்பீங்க. 176-க்குள்ள இழுத்துட முடியுதான்னு பாருங்க.

10. ஒரே ஒரு காப்பி

மொத்தமா அடிக்கறதுக்கு முன்னாடி கேட்ட எண்ணிக்கை மட்டும் அடிச்சுக் குடுக்கற பிரின்ட் ஆன் டிமாண்ட்ல ஒரே ஒரு காப்பி எடுங்க. கைக்கு வந்ததும் முழுசா படிக்க வேண்டாம். நான் நாலு இடம் பிரிப்பேன்: தவளைக் கதையில ஒரு பக்கத்தைத் திறந்து அப்போஸ்ட்ரஃபி எல்லாம் 9 மாதிரி இருக்கா, அப்பாரிஷன் அப்பாரிஷனாவே இருக்கா, அப்பா கடிதத்துல கையெழுத்து வலது ஓரத்துல நிக்குதா, புத்தகத்தை நடுவுல விரிச்சா பைண்டிங் பக்கம் இருக்கற எழுத்து உள்ள முழுகாம படிக்க முடியுதா. நாலும் சரியா இருந்தா பிரஸ்ஸுக்கு ஓகே சொல்லிடுங்க.